கூட்டம் கூடிய பிறகு வரும் கேமரா

2025-ம் ஆண்டு ஜனவரி 6-ந் தேதி. தாதரில் ஒரு நகைக்கடையின் முன்னால் பெருங்கூட்டம். கடை பூட்டிக் கிடந்தது. காய்கறி விற்பவர்கள், ஆட்டோ ஓட்டுபவர்கள், வீட்டு வேலை செய்யும் பெண்கள், சிறு உத்தியோகஸ்தர்கள் என்று எல்லோரும் அங்கே நின்றார்கள். கையில் ரசீது இருந்தது, பணம் இல்லை.

கடையின் பெயர் டோரஸ். வைரத்தைப் போல மினுங்கும் 'மொய்சனைட்' என்னும் செயற்கைக் கல்லை அங்கே விற்றார்கள். கல்லை வாங்கியவர்களுக்கு வாரா வாரம் பணம் தருவதாகச் சொன்னார்கள். வாரத்துக்கு 6 சதவிகிதம், பிறகு அதற்கும் மேலே.

வாரத்துக்கு 6 என்றால் 52 வாரத்தில் 312 சதவிகிதம். எந்த நியாயமான வியாபாரத்தில் இப்படி லாபம் வரும்? பள்ளிக்கூடத்துப் பையன் போடக்கூடிய கணக்கு இது. ஆனால் முதல் சில மாதங்கள் பணம் ஒழுங்காக வந்தது. பக்கத்து வீட்டுக்காரருக்கு வந்ததைப் பார்த்து இவர் போட்டார். இவருக்கு வந்ததைப் பார்த்து இவருடைய மைத்துனர் போட்டார். முடிவில் போலீசில் முதல் புகார் கொடுத்தவர் ஒரு காய்கறி வியாபாரி.

கடை பூட்டிய பிறகு டெலிவிஷன் வண்டிகள் வந்தன. அழும் பெண்களின் முகங்கள் நாடெங்கும் தெரிந்தன. நிருபர்கள் ஆவேசமாகப் பேசினார்கள். அவர்களைக் குறை சொல்வதற்கில்லை. நடந்ததைக் காட்டுவது அவர்கள் வேலை. ஆனால் ஒரு கேள்வி மட்டும் நெஞ்சை உறுத்துகிறது. அன்று வந்த கேமராக்களில் பத்தில் ஒன்று, கடை திறந்திருந்த நாளில் உள்ளே போய், "வாரத்துக்கு 6 சதவிகிதம் எங்கிருந்து ஐயா வருகிறது?" என்று கேட்டிருந்தால் எத்தனை குடும்பங்கள் தப்பியிருக்கும்?

இந்தியாவின் பணத் தலைநகரம் மும்பை. ரிசர்வ் பாங்கு இங்கே இருக்கிறது. பங்கு மார்க்கெட்டைக் கண்காணிக்கும் 'செபி' இங்கே இருக்கிறது. வியாபாரச் செய்திக்கென்றே நாள் முழுவதும் ஓடும் சேனல்களும் இங்கே இருக்கின்றன. அப்படியிருந்தும் பணமோசடி நடக்கும்போது டெலிவிஷன் அதைக் கண்டுபிடிப்பது மிக அபூர்வம். காரணம் என்ன? அதைத்தான் இங்கே பார்க்க வேண்டும்.

பெட்டியும் பேரேடும்

பணமோசடி மற்றக் குற்றங்களைப் போன்றதல்ல. கொலை நடந்தால் நடந்த இடம் உண்டு. தீப்பிடித்தால் புகை தெரியும். பணமோசடி பேரேட்டில் நடக்கிறது. அதைக் கண்டுபிடிக்க வரவு செலவுக் கணக்கைப் படிக்கத் தெரிய வேண்டும். பல நாட்கள் உட்கார்ந்து படிக்க வேண்டும். படித்து முடித்தாலும் படம் பிடிப்பதற்கு அதில் ஒன்றுமிருக்காது.

1992-ம் ஆண்டு நடந்த ஹர்ஷத் மேத்தா விவகாரம் நினைவிருக்கலாம். ஒரு பாங்கு தன்னிடமுள்ள அரசுப் பத்திரங்களை இன்னொரு பாங்குக்குச் சில நாட்களுக்கு விற்றுப் பணம் வாங்கும். பிறகு திரும்ப வாங்கிக்கொள்ளும். பத்திரத்துக்குப் பதிலாக 'பாங்கு ரசீது' என்று ஒரு சீட்டு மட்டும் கைமாறும். நடுவில் நின்ற தரகர் கைக்கு இந்தப் பணம் போயிற்று. பத்திரமே இல்லாமல் ரசீது கொடுக்கவும் சில சிறிய பாங்குகள் தயாராக இருந்தன. பாங்குப் பணம் பங்கு மார்க்கெட்டில் பாய்ந்தது. விலைகள் வானத்துக்கு ஏறின. பிறகு ஆராய்ந்த ஜானகிராமன் கமிட்டி, சிக்கிய தொகை 4,000 கோடி ரூபாய்க்கு மேல் என்று கணக்கிட்டது.

இதை வெளியே கொண்டு வந்தவர் சுசேதா தலால் என்ற பெண் பத்திரிகையாளர். 1992 ஏப்ரல் 23-ந் தேதி 'டைம்ஸ் ஆப் இந்தியா'வில் அவர் எழுதிய செய்தியில் தரகரின் பெயர்கூட இல்லை. ஸ்டேட் பாங்கின் கணக்கில் இடிக்கும் ஒரு பெருந்தொகை மட்டுமே இருந்தது. அது போதுமானதாக இருந்தது.

அடுத்த வருஷம் என்ன நடந்தது? 1993 ஜூன் 16-ந் தேதி ஹர்ஷத் மேத்தா நிருபர்களைக் கூட்டினார். பிரதம மந்திரிக்கு ஒரு கோடி ரூபாய் கொடுத்ததாகச் சொன்னார். அவ்வளவு பணம் பெட்டிக்குள் எப்படி அடங்கும் என்று பெட்டியையே கொண்டு வந்து காட்டினார். அந்தக் குற்றச்சாட்டு நிரூபணமாகவில்லை. ஆனால் இன்றுவரை ஜனங்கள் நினைவில் நிற்பது அந்தப் பெட்டிதான். பாங்கு ரசீது எப்படிக் கைமாறியது என்று கேட்டால் நூற்றில் ஒருவருக்குத் தெரியாது.

கேமராவுக்குப் பெட்டி பிடிக்கும், பேரேடு பிடிக்காது. முதல் காரணம் இதுதான்.

தூர்தர்ஷன் போன பிறகு

அந்தக் காலத்தில் டெலிவிஷன் என்றால் தூர்தர்ஷன். அது அரசாங்கத்தின் கையில் இருந்தது. 1987-ல் போபர்ஸ் பீரங்கி பேரத்தில் லஞ்சம் கைமாறியது என்பதை முதலில் சொன்னது சுவீடன் நாட்டு ரேடியோ. ஆதாரத் தஸ்தாவேஜுகளைத் தேடிப் பிடித்து வெளியிட்டது சென்னையிலிருந்து வரும் 'இந்து' பத்திரிகை. வேறு நாட்டு ஒலிபரப்பு நிலையம் ஒன்றால் செய்ய முடிந்ததை நம் நாட்டு நிலையத்தால் செய்ய முடியவில்லை.

1988-ல் 'நியூஸ்டிராக்' என்ற பெயரில் செய்தியை வீடியோ கேசட்டில் பதிந்து வீடு வீடாகக் கொடுக்கும் நிலை வந்தது. தூர்தர்ஷனில் இடமில்லாத செய்திக்கு அதுதான் வழி.

பிறகு தனியார் சேனல்கள் வந்தன. 24 மணி நேரமும் செய்தி வந்தது. வியாபாரத்துக்கென்று தனிச் சேனல்கள் வந்தன. அரசாங்கத்தின் பிடி போய்விட்டது, இனி உண்மை தானாக வெளிவரும் என்று பலரும் நினைத்தார்கள்.

2009 ஜனவரி 7-ந் தேதி அந்த நினைப்பு எவ்வளவு தவறு என்று தெரிந்தது. ஐதராபாத்தின் சத்யம் கம்ப்யூட்டர்ஸ் கம்பெனியின் தலைவர் ராமலிங்க ராஜு, தாமே ஒரு கடிதம் எழுதினார். கம்பெனியின் கணக்கில் காட்டியிருக்கும் பணத்தில் 5,040 கோடி ரூபாய் கிடையாது என்று அதில் ஒப்புக்கொண்டார். அதற்குச் சில மாதங்கள் முன்புதான் சிறந்த கம்பெனி நிர்வாகத்துக்கான விருது சத்யத்துக்குக் கிடைத்திருந்தது. மூன்று மாதத்துக்கு ஒரு முறை லாபக் கணக்கு வெளியானபோது கம்பெனி அதிகாரிகளை வியாபாரச் சேனல்கள் மரியாதையாக உட்கார வைத்துப் பேட்டி கண்டன. இல்லாத பணம் எந்தப் பாங்கில் இருக்கிறது என்று கேட்கத் தோன்றவில்லை. தணிக்கையாளர்களே கவனிக்காததை நிருபர்கள் எப்படிக் கவனிப்பார்கள் என்று கேட்கலாம். அது நியாயமான கேள்விதான். ஆனால் மோசடியைக் கடைசியில் அம்பலப்படுத்தியவர் மோசடி செய்தவரே என்பது யாருக்கும் பெருமை தருவதல்ல.

சேனலையே வாங்கியவர்கள்

கேட்கத் தவறியது ஒரு பக்கம். கேட்க வேண்டியவனையே விலைக்கு வாங்கிவிட்டால்?

மேற்கு வங்காளத்தில் சாரதா என்ற கம்பெனிக் கூட்டம் கிராமம் கிராமமாக ஏஜெண்டுகளை வைத்து டிபாசிட் திரட்டியது. ரிக்ஷாக்காரர், விவசாயி, சிறு கடைக்காரர் பணமெல்லாம் அதில் சேர்ந்தது. நிலம், வீடு, சுற்றுலா என்று பல காரணங்கள் சொன்னார்கள். உண்மையில் புதிதாக வருபவரின் பணத்தை எடுத்துப் பழையவருக்குக் கொடுத்தார்கள். தாதரில் பிறகு நடந்ததும் இதே வித்தைதான்.

சாரதாவின் தலைவர் சுதீப்த சென் வாங்கிய சொத்துக்களில் முக்கியமானது எது? செய்தி ஸ்தாபனங்கள். 'சேனல் 10', 'தாரா' சேனல்கள், வங்காளம், இங்கிலீஷ், உருது, இந்தி என்று பல மொழிப் பத்திரிகைகள் அவர் வசம் இருந்தன. அந்தப் பிரிவின் தலைமை நிர்வாகியாக இருந்தவர் ஒரு ராஜ்ய சபை உறுப்பினர். பிறகு அவரும் கைதானார்.

சேனல் எதற்கு? இரண்டு லாபம் உண்டு. கிராமத்து ஏஜெண்டு, "எங்கள் முதலாளிக்கு டெலிவிஷன் இருக்கிறது, ஓடியா போய்விடுவார்?" என்று சொல்ல முடியும். இரண்டாவது, மற்றவர்கள் கேள்வி கேட்கத் தயங்குவார்கள். தன்னை நஷ்டத்தில் ஓடிய சேனல்களை வாங்கும்படி சிலர் நெருக்கினார்கள் என்று சென் சி.பி.ஐ.க்குக் கடிதம் எழுதினார். அது அவர் தரப்பு வாதம். எப்படியானாலும், கொடுத்தது ஏழைகளின் பணம்.

2013 ஏப்ரலில் எல்லாம் சரிந்தது. காஷ்மீரத்தில் சோனமார்க் என்ற இடத்தில் சென் பிடிபட்டார். நஷ்டப்பட்டவர்களின் மனுக்களை வாங்க நியமிக்கப்பட்ட சியாமள் சென் கமிஷனுக்குச் சுமார் 17 லட்சம் மனுக்கள் வந்தன. ஓர் ஊரின் ஜனத்தொகை அல்ல, ஒரு பெரிய நகரத்தின் ஜனத்தொகை!

இதில் கவனிக்க வேண்டிய ஒரு சங்கதி உண்டு. கம்பெனி தள்ளாடுகிறது என்பது வெளியே தெரிந்த வழிகளில் ஒன்று, அந்த டெலிவிஷன் ஊழியர்களுக்குச் சம்பளம் நின்றது. அவர்கள் போலீசுக்குப் போனார்கள். அதாவது அந்த நிருபர்கள் கடைசியில் கொண்டு வந்த பெரிய செய்தி, தங்கள் சம்பளம் வரவில்லை என்ற செய்தி.

இது சாரதாவோடு நிற்கவில்லை. அதே வங்காளத்து ரோஸ் வேலி கம்பெனியும் டெலிவிஷன் நடத்தியது. அதன் தலைவர் 2015-ல் கைதானார். நிலம் தருவதாகச் சொல்லி நாடெங்கும் பணம் திரட்டிய 'பெர்ல்ஸ்' கூட்டத்தார் 'பி7' என்ற இந்திச் செய்திச் சேனலை நடத்தினார்கள். அக்கூட்டத்தைச் சேர்ந்த பி.ஏ.சி.எல். கம்பெனி 49,100 கோடி ரூபாயைத் திருப்பித் தர வேண்டும் என்று செபி 2014-ல் உத்தரவு போட்டது. சகாராவுக்கும் சேனல்கள் இருந்தன. அதன் இரண்டு கம்பெனிகள் முதலீட்டாளர்களிடம் வாங்கிய 24,000 கோடி ரூபாய்க்கு மேற்பட்ட தொகையை வட்டியோடு திருப்ப வேண்டும் என்று சுப்ரீம் கோர்ட்டு 2012 ஆகஸ்டு 31-ந் தேதி தீர்ப்பளித்தது.

ஒன்று தற்செயல் எனலாம். இரண்டும் தற்செயல் எனலாம். நான்கு இடத்தில் ஒரே மாதிரி நடந்தால் அது ஒரு முறை என்றுதான் கொள்ள வேண்டும். ஜனங்களிடம் பணம் திரட்டுபவன் டெலிவிஷனும் வைத்திருந்தால், அந்த டெலிவிஷன் அவனுக்கு மதில்சுவர்.

சொந்தச் சேனல் இல்லாதவர்கள் என்ன செய்வார்கள்? விளம்பரம் கொடுப்பார்கள். செய்திச் சேனல்கள் பெரும்பாலும் விளம்பர வருமானத்தில் ஓடுகின்றன. கட்டடக் கம்பெனி, நகைக்கடை, பாங்கு, இன்ஷ்யூரன்ஸ் ஆகியவைதான் பெரிய விளம்பரதாரர்கள். சோறு போடும் கையைச் சோதனை போட யாருக்கு மனம் வரும்?

பங்கு ஆலோசனை நிகழ்ச்சிகளின் கதை வேறு விதம். 2021 ஜனவரியில் ஓர் இந்தி வியாபாரச் சேனலின் நிகழ்ச்சியாளர் ஒருவர் மீது செபி நடவடிக்கை எடுத்தது. மறுநாள் எந்தப் பங்கைச் சிபாரிசு செய்யப் போகிறார் என்பது தெரிந்து, அவருடைய குடும்பத்தார் கணக்கில் முதல் நாளே அந்தப் பங்கு வாங்கப்பட்டது. நிகழ்ச்சியைப் பார்த்து ஜனங்கள் வாங்க, விலை ஏற, அவர்கள் விற்றார்கள் என்பது செபியின் குற்றச்சாட்டு. சுமார் 3 கோடி ரூபாய் முடக்கப்பட்டது. 2024-ல் இன்னொரு சேனலில் ஆலோசனை சொன்ன சில விருந்தினர்கள் மீதும் இதே மாதிரி நடவடிக்கை வந்தது. அந்தத் தொகை 7 கோடிக்கு மேல். வேலியே பயிரை மேய்ந்தால் யாரிடம் முறையிடுவது?

ரகசியக் கேமராவின் வெற்றியும் எல்லையும்

டெலிவிஷனால் ஒன்றுமே ஆகாது என்று சொல்ல வரவில்லை. முயன்றால் முடியும் என்பதற்குச் சான்று உண்டு.

2013 மார்ச் 14-ந் தேதி 'கோப்ராபோஸ்ட்' என்ற சிறிய செய்தி ஸ்தாபனம் சில படங்களை வெளியிட்டது. அதை நடத்துபவர் அனிருத்த பகல். 2005-ல் நாடாளுமன்றத்தில் கேள்வி கேட்க எம்.பி.க்கள் பணம் வாங்குவதை 'ஆஜ் தக்' சேனலில் காட்டியவர் இவர்தான். அந்த விவகாரத்தில் 11 எம்.பி.க்கள் பதவி இழந்தார்கள்.

இந்த முறை அவருடைய நிருபர் பாங்குகளுக்குப் போனார். ஓர் அரசியல்வாதியின் ஆளாக நடித்தார். "கணக்கில் வராத பணம் நிறைய இருக்கிறது, வெள்ளையாக்க வேண்டும்" என்றார். எழுந்து போகச் சொல்ல வேண்டிய அதிகாரிகள் உட்கார வைத்து வழி சொன்னார்கள். பெருந்தொகையைச் சிறு சிறு தொகையாகப் பிரித்துக் கட்டலாம் என்றார்கள். இன்ஷ்யூரன்ஸ் பாலிசியில் போடலாம் என்றார்கள். லாக்கர் தருகிறோம் என்றார்கள். எல்லாம் ரகசியக் கேமராவில் பதிவாயிற்று. சேனல்கள் அதை எடுத்துக் காட்டின. முதலில் மூன்று பெரிய தனியார் பாங்குகள்; மே மாதம் வெளியான அடுத்த தொகுதியில் அரசு பாங்குகள் உட்பட இன்னும் பல.

பாங்குகள் மறுத்தன, சில ஊழியர்களை வேலையிலிருந்து நிறுத்தி வைத்தன. ரிசர்வ் பாங்கு விசாரித்தது. ஜூன் மாதம் ஆக்சிஸ் பாங்குக்கு 5 கோடி, எச்.டி.எப்.சி. பாங்குக்கு 4½ கோடி, ஐ.சி.ஐ.சி.ஐ. பாங்குக்கு 1 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. ஜூலையில் மேலும் 22 பாங்குகளுக்கு மொத்தம் 49½ கோடி ரூபாய். வாடிக்கையாளர் யார் என்று சரிபார்க்கும் விதிகளை மீறினார்கள் என்பதே குற்றம். கறுப்புப் பணம் உண்மையில் வெள்ளையானதற்குத் தங்களுக்கு முதல்நோக்கில் ஆதாரம் தென்படவில்லை, வரித் துறையும் அமலாக்கத் துறையும் முழுவதும் விசாரித்தால்தான் முடிவு சொல்ல முடியும் என்று ரிசர்வ் பாங்கு கூறியது.

இதை எப்படி எடை போடுவது? கண்காணிப்பு அதிகாரிகள் கண்டுபிடிக்காததை ஒரு சிறு குழு ஒரு கேமராவோடு போய்க் கண்டுபிடித்தது. பெரிய காரியம்தான். ஆனால் எல்லையையும் பார்க்க வேண்டும். எச்.டி.எப்.சி. பாங்கு 2012-13-ல் சம்பாதித்த நிகர லாபம் 6,726 கோடி ரூபாய். அதில் 4½ கோடி என்பது ஏறக்குறைய ஆறு மணி நேர லாபம். காலையில் பாங்கு திறந்து மாலையில் மூடுவதற்குள் அபராதம் தீர்ந்து போகும்!

ரகசியக் கேமரா, ஒருவர் என்ன செய்யத் தயாராக இருக்கிறார் என்பதைக் காட்டும். என்ன செய்தார் என்பதைக் காட்டாது. அதற்குப் பேரேடு வேண்டும். கேமராவில் பேச்சும் கையில் கணக்கும் சேர்ந்து வந்தால்தான் வழக்கு நிற்கும்.

இன்னொரு ஆபத்தும் உண்டு. 2007-ல் டில்லியில் ஒரு பள்ளி ஆசிரியை மீது பொய்யான ரகசியப் படம் ஒன்றை ஒரு சேனல் காட்டியது. ஜனங்கள் அவரை அடிக்கப் பாய்ந்தார்கள். பிறகு உண்மை தெரிந்து சேனலுக்கு ஒரு மாதத் தடை விதிக்கப்பட்டது. அந்த ஆசிரியைக்கு நேர்ந்த அவமானத்துக்கு யார் தடை விதிப்பது?

நூறு கோடி வழக்கு

துணிந்து கேட்பவருக்கு என்ன நேர்கிறது என்றும் பார்க்க வேண்டும்.

2015-ல் தேசியப் பங்கு மார்க்கெட்டில் சில தரகர்களுக்கு மட்டும் விலை விவரம் மற்றவர்களுக்கு முன்பே கிடைக்கிறது என்ற புகாரை, மும்பையிலிருந்து வரும் 'மணிலைப்' வெளியிட்டது. அதை நடத்துபவர்களில் ஒருவர் முன்பு சொன்ன அதே சுசேதா தலால். தேசியப் பங்கு மார்க்கெட் 100 கோடி ரூபாய் கேட்டு மானநஷ்ட வழக்குப் போட்டது. அந்தக் கட்டுரைக்கு இடைக்காலத் தடை வேண்டும் என்றும் கேட்டது. பம்பாய் ஐகோர்ட்டு தடை கொடுக்க மறுத்தது. அதோடு, கேட்டவர்களே 50 லட்சம் ரூபாய் செலவுத் தொகை கட்ட வேண்டும் என்றும் உத்தரவு போட்டது. அதில் பெரும்பகுதி ஆஸ்பத்திரிகளுக்குப் போயிற்று. இது நடந்தது 2015 செப்டம்பரில்.

இந்த முறை நீதிமன்றம் காப்பாற்றியது. எப்போதும் அப்படி நடக்கும் என்று சொல்வதற்கில்லை. சகாராவைப் பற்றிப் புத்தகம் எழுதிய பத்திரிகையாளர் ஒருவர் மீது 200 கோடி ரூபாய் கேட்டு வழக்குப் போட்டார்கள். முடிவில் சகாராவின் மறுப்புரையையும் சேர்த்த பிறகே அந்தப் புத்தகம் வெளிவந்தது. மாதச் சம்பளம் வாங்குகிற நிருபர் 200 கோடிக்கு எங்கே போவார்? ஜெயிப்பது இந்த வழக்குகளின் நோக்கமல்ல. அடுத்தவன் பேனாவை எடுக்காமல் செய்வதே நோக்கம்.

பெரிய நாடுகளும் இதற்கு விலக்கல்ல. அமெரிக்காவின் சி.பி.எஸ். டெலிவிஷனில் '60 மினிட்ஸ்' என்ற புகழ்பெற்ற நிகழ்ச்சி உண்டு. ஒரு சிகரெட் கம்பெனியின் முன்னாள் ஆராய்ச்சி அதிகாரி, நிக்கோடினைப் பற்றிக் கம்பெனிக்குத் தெரிந்தே மறைத்த உண்மைகளை அதில் சொன்னார். 1995-ல் பேட்டி தயாராக இருந்தது. கம்பெனி வழக்குப் போட்டால் என்ன ஆகும் என்று வக்கீல்கள் பயந்தார்கள். சி.பி.எஸ்.ஸையே இன்னொரு கம்பெனிக்கு விற்கும் பேரமும் அப்போது நடந்து கொண்டிருந்தது. பேட்டியை நிறுத்தி விட்டார்கள். அவர் சொன்னதை ஒரு பத்திரிகை வெளியிட்ட பிறகு, 1996 பிப்ரவரியில்தான் டெலிவிஷனில் காட்டினார்கள். 1998-ல் 46 மாநிலங்களோடு சிகரெட் கம்பெனிகள் சமரசத்துக்கு வந்து, 25 ஆண்டுகளில் 20,600 கோடி டாலர் தர ஒப்புக்கொண்டன. தாமதமானாலும் டெலிவிஷனின் அந்தப் பேட்டிக்கும் இதில் பங்கு உண்டு.

சயானில் தொடங்கிய பாங்கு

தொலைவில் நடந்ததை விடுவோம். நம் வீட்டு வாசலில் நடந்ததைப் பார்ப்போம்.

1984-ல் சயானில் ஒரே கிளையோடு ஆரம்பமானது பஞ்சாப் அண்ட் மகாராஷ்டிரா கூட்டுறவு பாங்கு. தாராவியும் மாதுங்காவும் கூப்பிடு தூரம். வளர்ந்து 137 கிளைகளானது. சிறு வியாபாரிகள், ஓய்வு பெற்றவர்கள், வீட்டுச் சங்கங்கள் நம்பிப் பணம் போட்டார்கள். ஞாயிற்றுக்கிழமையும் திறந்திருக்கும் பாங்கு என்று பெயர் வாங்கியது.

2019 செப்டம்பர் 23-ந் தேதி ரிசர்வ் பாங்கு தடை போட்டது. ஒரு கணக்கிலிருந்து ஆறு மாதத்துக்கு 1,000 ரூபாய்தான் எடுக்கலாம்! மகள் கல்யாணத்துக்கு வைத்திருந்தவர், ஆபரேஷனுக்கு வைத்திருந்தவர் எல்லோருக்கும் அதே 1,000 ரூபாய். எதிர்ப்பு எழுந்த பிறகு தொகையைப் படிப்படியாக உயர்த்தினார்கள்.

உள்ளே நடந்தது என்ன? பாங்கு கொடுத்த கடனில் நூற்றுக்கு எழுபதுக்கு மேல் ஒரே கட்டடக் கம்பெனிக் கூட்டத்துக்குப் போயிருந்தது. அது திரும்பி வரவில்லை. அதை மறைக்க 21,000-க்கு மேற்பட்ட பொய்க் கடன் கணக்குகள் புத்தகத்தில் எழுதப்பட்டிருந்தன. வருஷா வருஷம் ஆண்டறிக்கை வந்தது, தணிக்கை நடந்தது, லாபம் காட்டப்பட்டது. கடைசியில் விஷயம் ரிசர்வ் பாங்குக்கு உள்ளே இருந்தவர்கள் வழியாகத்தான் தெரிய வந்தது.

அதன் பிறகு கேமராக்கள் கிளை வாசலில் நின்றன. டிபாசிட்தாரர்களின் கண்ணீர் வீண்போகவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். பாங்கு மூழ்கினால் இன்ஷ்யூரன்ஸ் மூலம் கிடைக்கும் தொகை 1993 முதல் 1 லட்சமாகவே இருந்தது. 2020 பிப்ரவரியில் 5 லட்சமானது. பாங்குக்குத் தடை போட்டால் 90 நாளில் அந்தத் தொகையைத் தர வேண்டும் என்று 2021-ல் சட்டம் திருத்தப்பட்டது. அந்தக் குரலைத் திரும்பத் திரும்ப ஒலிக்கச் செய்ததில் டெலிவிஷனுக்குப் பங்கு உண்டு. 2022 ஜனவரியில் அந்தப் பாங்கு வேறொரு பாங்கோடு இணைக்கப்பட்டது. பெருந்தொகை வைத்திருந்தவர்களுக்குப் பத்தாண்டு வரை தவணை. எழுபது வயதுக்காரருக்குப் பத்தாண்டுத் தவணை என்றால் அதன் பொருள் என்ன என்பதை விளக்க வேண்டியதில்லை.

2025 பிப்ரவரியில் மும்பையின் நியூ இந்தியா கூட்டுறவு பாங்கிலும் இதே காட்சி. பெட்டகத்திலிருந்த 122 கோடி ரூபாயைக் காணோம் என்று புகார். மறுபடியும் தடை, மறுபடியும் வரிசை, மறுபடியும் கேமரா.

என்ன செய்ய வேண்டும்?

சேனல்கள் மனம் வைத்தால் செய்யக்கூடியவை உண்டு. ஒவ்வொரு பெரிய சேனலும் கணக்குப் படிக்கத் தெரிந்த நாலு பேரை, தினசரிச் செய்தி கேட்காமல், ஆறு மாதம் ஒரே விஷயத்தில் உட்கார வைக்க வேண்டும். இரவு நேரக் கூச்சல் நிகழ்ச்சிகளுக்கு ஆகும் செலவில் ஒரு பகுதி போதும். ஒரு கம்பெனியைப் பற்றிப் பேசும்போது, அது தங்களுக்கு விளம்பரம் தருகிறதா, முதலாளிக்கு அதில் பங்கு உண்டா என்று திரையிலேயே சொல்ல வேண்டும்.

அரசு செய்ய வேண்டியதும் உண்டு. மோசடியை முதலில் அறிபவர் உள்ளே வேலை செய்யும் குமாஸ்தா. அவர் வாய் திறந்தால் வேலை போகும். முறைகேட்டை வெளியிடுவோரைக் காக்க 2014-ல் ஒரு சட்டம் நிறைவேறியது. அது அரசுப் பணியாளர்கள் மீதான புகார்களுக்கே உரியது. அதுவும் பத்தாண்டு கழிந்த பின்னும் அமலுக்கு வராமல் கிடந்தது. தனியார் கம்பெனி குமாஸ்தாவுக்கு யார் துணை?

இவையெல்லாம் நடக்கும்வரை நம்மவர்கள் என்ன செய்வது? ஊரை விட்டு வந்து, ஒண்டுக் குடித்தனத்தில் இருந்து, வாயைக் கட்டி வயிற்றைக் கட்டிச் சேர்க்கும் பணம் இது. ஊரில் ஒரு வீடு, பெண்ணுக்கு நாலு பவுன் என்று கணக்குப் போட்டுச் சேர்த்தது. ஆகவே சில விஷயங்களை நினைவில் வைக்க வேண்டும்.

டெலிவிஷனில் விளம்பரம் வருகிறது என்பது நாணயத்துக்குச் சான்றாகாது. முதலாளிக்கே டெலிவிஷன் இருந்தால் இரட்டிப்பு எச்சரிக்கை வேண்டும். பாங்கில் போட்டால் 5 லட்சம் வரை இன்ஷ்யூரன்ஸ் உண்டு. அதற்கு மேல் இருந்தால் வேறு பாங்கில் பிரித்துப் போடலாம். கடன் சொசைட்டிக்கும் நகைக்கடைத் திட்டத்துக்கும் சீட்டுக்கும் அந்த இன்ஷ்யூரன்ஸ் கிடையாது. அனுமதியில்லாமல் டிபாசிட் திரட்டுவது 2019-ம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். ரிசர்வ் பாங்கின் 'சசேத்' என்ற இணையதளத்தில் எந்தக் கம்பெனிக்கு அனுமதி உண்டு என்று பார்க்கலாம், புகாரும் கொடுக்கலாம். படிக்கிற பிள்ளைகள் வீட்டில் இருந்தால் ஐந்து நிமிட வேலை.

எல்லாவற்றுக்கும் மேலாக, வாரத்துக்கு இவ்வளவு, மாதத்துக்கு இவ்வளவு என்று யாராவது சொன்னால் அதை வருஷக் கணக்காக மாற்றிப் பார்க்க வேண்டும். ஸ்டேட் பாங்கு தருவதோடு ஒப்பிட வேண்டும். பல மடங்கு அதிகமாக இருந்தால், "எங்கிருந்து வருகிறது?" என்று கேட்க வேண்டும். தாதர் கடையில் யாரும் கேட்காமல் விட்ட கேள்வி அது. கேமரா வந்து கேட்கும் என்று காத்திருந்தால், அது வரும்போது கடை பூட்டியிருக்கும்.